நைனா நடித்த படம்

1

ஜெர்மனியில் ஞாயிற்றுக்கிழமை சத்தம் போடக் கூடாது. சுவரில் ஆணி அடிக்கக் கூடாது, புல் வெட்டக் கூடாது. எங்கள் கட்டடத்தில் வாஷிங் மெஷின் போட்டால்கூட மாடிப்படியில் எதிர்ப்படுகிறவர்கள் முகத்தைத் திருப்பிக்கொள்வார்கள். இதெல்லாம் தெரிந்து, நல்ல பிள்ளை என்று பெயரெடுத்து, ஹனோவரில் வருஷக்கணக்காகக் குப்பை கொட்டுகிறவன் நான். போன வருஷம் ஒரு ஞாயிறு மதியம் கீழ்வீட்டு அம்மாள் கதவைத் தட்டி, காலையிலிருந்து உங்கள் வாஷிங் மெஷின் நிற்காமல் ஓடுகிறதே என்று கேட்டபோது அந்த நல்ல பெயர் போயிற்று என்றே நினைத்தேன்.

ஓடிக்கொண்டிருந்தது என் பழைய லேப்டாப்பின் காற்றாடி. அதை விளக்கப் போய், "மன்னிக்க வேண்டும், நான் ஒன்றைக் கட்டிக்கொண்டிருக்கிறேன்" என்று என் ஜெர்மனில் சொன்னேன். அந்த அம்மாள் என் தோளுக்கு மேலே எட்டி வீட்டுக்குள் பார்த்தார். "ஞாயிற்றுக்கிழமையிலா கட்டுகிறீர்கள்?" என்றார். சுவர் எதையும் இடிக்கவில்லை என்று நான் சொல்லச் சொல்ல அவருடைய சந்தேகம் வலுத்தது. இந்த மொழியில் நான் வாய் திறந்து நிலைமை மேம்பட்டதாகச் சரித்திரம் இல்லை.

ஊரில் இருக்கிறவர்களுக்குச் சொல்கிறேன். புகைப்படங்களைச் சரிசெய்யும் மென்பொருள்களில் சிலவற்றை எழுதியவர்கள் அதன் மூல நிரலையே இனாமாக உலகத்துக்குக் கொடுத்துவிடுகிறார்கள். அந்த நிரலை நம் கம்ப்யூட்டருக்கு ஏற்றபடி மாற்றிக் கட்டுவதற்குப் பெயர்தான் கம்பைல். யாரோ கட்டிவைத்த பிரதியையும் நேராக இறக்கிக்கொள்ளலாம், ஐந்து நிமிட வேலை. இட்லி மாவு கடையில் பாக்கெட்டாகக் கிடைக்கிறது, நான் அரிசி ஊறப்போட்டு ஆட்டுக்கல்லைத் தேடிக்கொண்டிருந்தேன். இதற்கெல்லாம் காரணம் என் நைனா.

2

என் நைனா சித்தூரிலிருந்து கார்வேட்டிநகரம் வழியாகப் புத்தூர் போகிற பஸ்ஸில் கண்டக்டராக இருந்து ஓய்வு பெற்றவர். இப்போது திருப்பதியில், அலிபிரி போகிற சாலையில் இருக்கும் என் அக்கா வீட்டில் இருக்கிறார். அவர் ஒரு சினிமாவில் நடித்திருக்கிறார். அதாவது, நடித்திருப்பதாகச் சொல்லிக்கொண்டே இருந்தார்.

அது எல்லாருக்கும் தெரிந்த பழைய கறுப்பு வெள்ளைப் படம். பெயரைச் சொல்ல மாட்டேன். அதன் டிஸ்க்கை நான் என்னவெல்லாம் செய்தேன் என்பதைப் படக்காரர்கள் படித்தால் வம்பு. அதில் ஒரு குளத்துக் காட்சி வரும். ஊர்ப் பெரியவர்கள் தடுத்துக்கொண்டு நிற்க, கதாநாயகி குடத்தோடு படியிறங்கி வந்து ஒரு வசனம் சொல்லுவாள். கார்வேட்டிநகரத்துக் குளத்தில் எடுத்தது. நைனா அப்போது அந்த ஊர்ப் பள்ளிக்கூடத்துப் பையன். கூட்டத்தில் உட்காரவைத்தார்களாம்.

"ரெண்டாம் படி, தூண் ஓரம். ஆடாம குந்துங்கன்னான் மைக்கு புடிச்சவன். ஆடினா எழுப்பி அனுப்பிடுவானாம். மூச்சு வுடல நான். அந்தம்மா கொடத்த எறக்கி வச்சிட்டு 'ஈ நீள்ளு அந்தரிவீ'ன்னு ஒரே ஒரு டயலாக் சொன்னா பாரு, மயிர்க்கூச்செறிஞ்சிப் போச்சி."

இதைப் பஸ்ஸில் ஏறிய அத்தனை பேருக்கும் டிக்கெட்டோடு சேர்த்துக் கொடுத்திருக்கிறார். டிவியில் அந்தப் படம் போடும் நாளில் எங்கள் வீட்டில் தனி அமர்க்களம். குளம் வந்ததும் நைனா எழுந்து ஓடிப்போய்த் திரையில் விரலை வைத்து, "தோ, தோ, இதான்" என்பார். அதற்குள் காட்சி மாறி விரலுக்கடியில் வில்லனின் மீசை இருக்கும். ஒவ்வொரு தடவையும் விரல் வேறு வேறு இடத்தில் விழும். "ஹீரோ வந்துட்டாரு, எழுந்து நில்லுங்க" என்று நாங்கள் சிரிப்போம். அம்மா இருந்தவரைக்கும் அதிகமாகச் சிரித்தது அவள்தான். நைனாவும் கூடவே சிரித்துவிட்டு உட்கார்ந்துவிடுவார்.

போன வருஷம் அவருக்கு எண்பது நெருங்கியது. அதே சமயம் கண் டாக்டர் ஒரு விஷயம் சொன்னார். நடுப்பார்வை மெல்ல மெல்லப் போய்க்கொண்டிருக்கிறது, ஓரத்துப் பார்வைதான் மிஞ்சும், மருந்தால் தள்ளிப்போடலாம், திருப்ப முடியாது. அக்கா போனில் அழுதாள். நைனா அவளிடமிருந்து போனை வாங்கி, "டேய் பாஸ்கரு, அந்தப் படத்த இப்போ புச்சா, தெளிவா வுட்டுக்கீறாங்களாமே. கண்ணு பூடறதுக்குள்ள அந்தக் கொளத்த ஒரு வாட்டி எனுக்குக் காட்டிடு" என்றார்.

அவர் என்னிடம் எதுவும் கேட்டதில்லை. நான் அனுப்புகிற சட்டையைக்கூட மருமகனுக்குக் கொடுத்துவிடுகிறவர். அதனால் எனக்கு வேகம் வந்துவிட்டது. "நைனா, நீ உட்கார்ந்த இடத்தை நிறுத்தி, பெரிதாக்கி, மூக்கு முழி தெரிகிற மாதிரி அனுப்புகிறேன். அதற்கான மென்பொருளை நானே கட்டப்போகிறேன்" என்று அறிவித்தேன். மறுநாளே அந்தத் தெரு முழுக்க, "எம் புள்ள ஜெர்மனில மெசினு கட்டிக்கினு கீறான்" என்று சொல்லியாகிவிட்டது. இனிமேல் கட்டிவைத்த பிரதியை இறக்கினால் நைனாவின் மானம் போகும்.

3

நான் பார்க்கும் உத்தியோகத்தின் பெயர் பெரியது. தலைமை மென்பொருள் வடிவமைப்பாளர். கட்டம் போட்டு, கட்டங்களுக்கு நடுவே அம்புக்குறி போட்டு, அதைக் கூட்டத்தில் காட்டி, அடுத்த கூட்டத்துக்குத் தேதி வாங்குவது வேலை. கடைசியாக நான் கையால் எதையாவது கம்பைல் செய்தபோது என் மகள் அனு பிறந்திருக்கவில்லை. அவளுக்கு இப்போது பதினாறு.

முதல் கட்டளையைத் தட்டினேன். ஒரு லைப்ரரி, அதாவது அந்த நிரலுக்கு வேண்டிய துணை நிரல், இல்லை என்றது. அதை இறக்கினேன். அது இன்னொரு லைப்ரரி கேட்டது. அந்த இன்னொன்று, இதையெல்லாம் கட்டித்தருகிற கம்பைலரே பழசு என்றது. கம்பைலரைப் புதுப்பித்தால், முதலில் இறக்கியது இதோடு ஒத்துப்போகாது என்று வந்து நின்றது. மண்டல ஆபீசில் வருமானச் சான்றிதழ் கேட்டுப் போனவன்போல ஆனேன். ரேஷன் கார்டு கொண்டுவா, ரேஷன் கார்டுக்கு ஆதார், ஆதாரில் இருக்கும் முகவரிக்கு வருமானச் சான்றிதழ். அங்கேயாவது டீக்கடையில் உட்கார்ந்து கூட வந்தவர்களிடம் புலம்பலாம். இங்கே புலம்ப ஆள் இல்லை.

அனு என் அறை வாசலில் நின்று பார்த்தாள். அவள் இங்கே பிறந்தவள். வீட்டில் தமிழ் பேசுவாள், எண்ணி எண்ணிச் செலவு செய்கிற மாதிரி. "அப்பா, இது ரெடியா டவுன்லோட் பண்ணலாம். ஏன் கஷ்டப்படுற?" என்றாள்.

கட்டிவைத்த பிரதியில் இல்லாத ஒரு வசதி புது நிரலில் இருக்கிறது, பல படங்களை ஒன்றன்மேல் ஒன்று அடுக்கி ஒரே படமாக்கலாம் என்று பெருமையாக விளக்கினேன்.

"அது உனக்கு வேணுமா?"

வேண்டாம்தான். அப்போது எனக்கு அது எதற்கும் தேவையில்லை. ஆனால் பெற்ற பிள்ளையிடம் தோற்கக் கூடாது என்று, "கட்டாயம் வேணும்" என்றேன். அவள் தோளைக் குலுக்கிவிட்டுப் போனாள்.

இதற்கிடையில் அந்தத் தெளிவான வெளியீட்டை வாங்கிப் பார்த்தேன். தெளிவுதான். அகலமான டிவிக்குப் பொருந்த வேண்டும் என்று படத்தின் மேலேயும் கீழேயும் வெட்டித் தள்ளியிருந்தார்கள். மேல் படியில் இருந்தவர்களுக்குத் தலை இல்லை, கீழ்ப் படியில் இருந்தவர்களுக்குக் காலோடு உடம்பும் இல்லை. நடுவே தப்பிப் பிழைத்தவர்களின் முகங்களில் இருந்த புள்ளி புள்ளியான கரகரப்பை எல்லாம் மென்பொருளால் தேய்த்து எடுத்திருந்தார்கள். ஊரே பவுடர் பூசிக்கொண்டு குளத்துக்கு வந்த மாதிரி இருந்தது. நைனாவின் இரண்டாம் படி அந்த வெட்டில் போயிருந்தது. படத்தை இப்படி வெட்டியவன் கை விளங்குமா என்று வாய்விட்டே திட்டினேன். இந்த வசவை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

4

வெளிநாட்டுச் சேகரிப்பாளர்களுக்காக அதே படத்துக்கு இன்னொரு டிஸ்க் வந்திருப்பதாகவும், அதில் ஒரு ஓரமும் வெட்டுப்படவில்லை என்றும் கேள்விப்பட்டு வரவழைத்தேன். அது சுங்கத்தில் மாட்டிக்கொண்டது. இங்கே பார்சல் சுங்கத்தில் நின்றால் நாமே நேரில் போக வேண்டும். அதிகாரி ஒரு சின்னக் கத்தியை நம் கையில் கொடுப்பார். நாமே பிரித்துக் காட்ட வேண்டும், கல்யாணத்துக்கு வந்த மொய்ப் பரிசைச் சபையில் பிரிப்பதுபோல.

"உள்ளே என்ன?" என்று கேட்டார் அந்த அதிகாரி.

"பழைய பொருள். என் அப்பா இதற்குள் இருக்கிறார்" என்றேன்.

அவர் எழுந்து நின்றார். குரலைத் தாழ்த்தி, அஸ்தியை அஞ்சலில் வரவழைக்க வேறு அனுமதி வேண்டும், அதற்கு வேறு ஜன்னல் என்றார். பதறிப்போய், "இல்லை இல்லை, அவர் உயிரோடு இருக்கிறார்" என்றேன். அது நிலைமையைச் சரிசெய்யவில்லை. கடைசியில் டிஸ்க்கைப் பார்த்ததும் அவர் உட்கார்ந்தார். "அப்பா நடிகரா?" என்று மரியாதையாகக் கேட்டார். ஆமாம் என்று சொல்லிவிட்டேன். நைனாவை நடிகர் என்று முதன்முதலாக ஒத்துக்கொண்ட அரசாங்கம் ஜெர்மனி அரசாங்கம்தான்.

5

அந்த டிஸ்க் அருமையானது. படியின் கல்லில் இருந்த உளிக்கொத்துகூடத் தெரிந்தது. நான் கட்டிக்கொண்டிருந்தது ஒருபக்கம் எர்ரர் எர்ரராக விழுந்துகொண்டிருக்க, குளத்துக் காட்சியை மட்டும் சுழலவிட்டுத் தேடினேன். இரண்டு வாரம் என் அறையிலிருந்து கதாநாயகி குடத்தை இறக்கி வைத்து, "இந்தத் தண்ணி எல்லாருக்கும் சொந்தம்" என்று சொல்லிக்கொண்டே இருந்தாள். என் மனைவி காதில் பஞ்சு வைத்துக்கொண்டு சமைத்தாள்.

இரண்டாம் படி இருந்தது. தூணும் இருந்தது. தூண் ஓரத்தில் குடை வைத்திருந்த ஒரு கிழவர் உட்கார்ந்திருந்தார். நைனா இல்லை.

மேல் படி, கீழ்ப் படி, எதிர்க்கரை, மரக்கிளை எல்லாம் பார்த்தேன். அந்தக் காட்சியில் இருந்த ஒவ்வொரு முகத்தையும் என்னால் இப்போது கண்ணை மூடிக்கொண்டு வரைய முடியும். நைனா எதிலும் இல்லை. காலமெல்லாம் நாங்கள் சிரித்தது நியாயம்தான் என்று தெரிந்துபோனதில் எனக்குச் சந்தோஷம் வரவில்லை.

அக்காவைக் கூப்பிட்டுச் சொன்னேன்.

"இதுக்கு எதுக்குடா தல மேல கைய வச்சிக்கினு கீற? எதனா ஒரு பையன காட்டி இதான் நீயின்னு சொல்லிடு. கண்ணும் சரியா தெரியல, அவருக்கு இன்னா தெரியப்போவுது? பாவம், சந்தோசமா இருக்கட்டும்" என்றாள்.

எனக்கும் அதுவே தர்மமாகப் பட்டது. எதிர்க்கரையில் தனியாக நின்ற ஒரு ஒல்லிப் பையனைப் பெரிதாக்கி அனுப்பினேன். அக்கா அதை டிவியில் போட்டுக் காட்டினாள். வீடியோவில் நானும் பார்த்துக்கொண்டிருந்தேன். நைனா டிவிக்குப் பக்கத்தில் போய்த் தலையை ஒருபக்கமாகச் சாய்த்து, ஓரக்கண்ணால் பார்த்தார்.

"இவன் நானு இல்ல."

"நல்லா பாரு நைனா. அப்போ நீ ஒல்லியாதான இருந்த?" என்றாள் அக்கா.

"இவன் பக்கத்துல யாருமே இல்லியே" என்றார்.

"கூட்டத்துல பக்கத்துல எவன் இருந்தா இன்னா?"

"சரே, வுடு" என்று சொல்லிவிட்டுச் சாப்பிட உட்கார்ந்துவிட்டார். அதற்கப்புறம் அவர் படத்தைப் பற்றிப் பேசவில்லை. நைனா பேசாமல் இருந்தால் வீட்டில் கரண்ட் போன மாதிரி இருக்கிறது என்று அக்கா சொன்னாள்.

6

அவருடைய எண்பதாவது பிறந்தநாளுக்கு வீடியோவில் கூப்பிட்டோம். அக்கா பாயசம் வைத்திருந்தாள். அனுவைக் கையைப் பிடித்து இழுத்து வந்து முன்னால் உட்காரவைத்தேன். அவள் வழக்கமாகச் சொல்கிற மூன்று வாக்கியங்களைச் சொன்னாள். வணக்கம் தாத்தா, நல்லா இருக்கீங்களா, நான் நல்லா படிக்கிறேன். அதோடு எழுந்து போய்விடுவாள். எங்கள் வீட்டுப் பேச்சில் பாதி தெலுங்கு வந்து விழும். அவளுக்கு அது வெறும் சத்தம். அவள் எழுந்து போகும்போதெல்லாம் எனக்குச் சுருக்கென்று இருக்கும். ஆனால் அவளைத் தமிழிலேயே நிறுத்திவைக்க முடியாதவன் தெலுங்குக்கு எங்கே போவேன்.

அன்றைக்கு என்னவோ, "தாத்தா, நீங்க அந்த சினிமா கதை சொல்லுங்க" என்றாள். இரண்டு வாரம் சத்தத்தைச் சகித்தவளுக்கு அது என்ன என்று தெரிந்துகொள்ள உரிமை உண்டு.

நைனா முகம் மலர்ந்துவிட்டது. இரண்டாம் படி, தூண், ஆடாமல் உட்கார்ந்தது எல்லாம் வரிசையாக வந்தது. கடைசியில் கையைத் தூக்கி, "ஈ நீள்ளு அந்தரிவீன்னு சொன்னா பாரு" என்றார்.

"தாத்தா, இது என்ன லாங்குவேஜ்?"

"அந்தம்மா டயலாக் பாப்பா."

"அப்பா ரூம்ல அந்த லேடி வேற சொல்றாங்க. இந்தத் தண்ணி எல்லாருக்கும் சொந்தம், அப்படி சொல்றாங்க."

"அதேதான். ரெண்டும் ஒண்ணுதான் பாப்பா."

"ஒண்ணு இல்ல தாத்தா" என்றாள் அனு. "எனக்கு அது புரியுது. நீங்க சொல்றது புரியல."

அக்கா கையில் பாயசக் கரண்டியோடு நின்றாள்.

இதைச் சித்தூர்க்காரர்கள் அல்லாதவர்களுக்கு எப்படி விளக்குவது என்று எனக்குத் தெரியவில்லை. ஜருகண்டி என்று தெலுங்கில் ஆரம்பித்து, உள்ள போய்க்கினே இருங்க என்று தமிழில் முடிக்கிற கண்டக்டரின் பிள்ளைகள் நாங்கள். எங்கள் காதுக்குள் வந்த வார்த்தை எந்த மொழியில் வந்தது என்று நாங்கள் திரும்பிப் பார்ப்பதில்லை. பொருள் வந்துவிட்டது, போதும். நைனா அந்த வசனத்தைத் தெலுங்கில்தான் சொல்லிக்கொண்டிருந்தார், நான் பிறந்ததிலிருந்து. அதே வசனத்தைத் தமிழில் இரண்டு வாரம் சுழலவிட்டுக் கேட்டவன் நான். இரண்டும் வேறு என்பது தலைமை வடிவமைப்பாளருக்கு உறைக்கவில்லை. தெலுங்கு தெரியாத பிள்ளைக்கு உறைத்தது.

அந்தக் காலத்தில் ஒரே படத்தைத் தமிழிலும் தெலுங்கிலும் சேர்த்தே எடுப்பார்கள். குரலை மட்டும் மாற்றுவதில்லை. ஒரு மொழியில் காட்சியை எடுத்து முடித்து, அதே இடத்தில் மறுபடியும் எல்லாரையும் நிற்கவைத்து அடுத்த மொழியில் எடுப்பார்கள்.

"நைனா, அன்னிக்கு ரெண்டு வாட்டி எடுத்தாங்களா?" என்று கேட்டேன்.

"காலையில ஒரு வாட்டி எடுத்தாங்களாம். நாங்க இஸ்கூல்ல கீறோம். மத்தியானம் மணி அடிச்சதும் ஓடினோம். சோறுகூட துன்னல."

காலையில் தமிழ், மதியம் தெலுங்கு. குடைக் கிழவர் மதியம் வீட்டுக்குப் போய்விட்டிருக்கிறார்.

"அப்போ நீ தெலுகு படத்தயே பாத்ததில்லியா?" என்றாள் அக்கா.

"எதுக்கு பாக்கணும்? அதான் தமிழுலயே கீதே" என்றார் நைனா.

அவரைச் சொல்லிக் குற்றமில்லை. சித்தூர்த் தமிழர்களுக்கு அப்படி ஒரு வீம்பு உண்டு. பள்ளிக்கூடம் தெலுங்கு, ஆபீஸ் தெலுங்கு, கடைப் பலகை தெலுங்கு, சினிமாவாவது தமிழில் இருக்கட்டும் என்பார்கள். ஒரே படம் இரண்டிலும் வந்தால் உள்ளூர்க் கொட்டகையில் ஓடும் தெலுங்கை விட்டுவிட்டு, பஸ் ஏறி வேலூருக்குப் போய்த் தமிழில் பார்த்துவிட்டு வருவோம். அந்த வீம்பினால் நைனா தன்னைத் தான் இல்லாத படத்தில் தேடிக்கொண்டிருந்தார்.

7

தெலுங்குப் படத்துக்குத் தெளிவான வெளியீடு எதுவும் இல்லை. டிஸ்க்கும் இல்லை. டிவியில் போட்டபோது யாரோ பதிவு செய்து இணையத்தில் ஏற்றிவைத்த ஒரே ஒரு பிரதி கிடைத்தது. மேல்மூலையில் சேனல் முத்திரை, அடியில் நகைக்கடை விளம்பரம், மற்ற இடமெல்லாம் பழைய ஃபிலிமின் கீறல் மழை. குளம் வந்தது. கேமரா அசையாமல் நிற்க, கதாநாயகி மேலிருந்து இறங்கி வந்தாள். இரண்டாம் படியில், தூண் ஓரம், குடைக் கிழவர் இல்லை. இரண்டு சின்னத் திட்டுகள் இருந்தன. அவ்வளவுதான். கண் எது, மூக்கு எது என்று சொல்ல முடியாது.

அப்போதுதான் அனுவிடம் வீம்புக்குச் சொன்ன வசதி ஞாபகம் வந்தது. அடுக்குவது. கேமரா அசையாத காட்சியின் எல்லா ஃப்ரேம்களையும் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கிச் சராசரி எடுத்தால், மழையும் புள்ளியும் ஒவ்வொன்றிலும் வேறு வேறு இடத்தில் இருப்பதால் கரைந்துபோகும். உண்மையாகவே அங்கே இருந்தது மட்டும் தங்கும். பெருமைக்காக ஆரம்பித்த கம்பைலை இப்போது பயத்தோடு செய்தேன். எந்தக் கட்டளையில் தவறு செய்தேன் என்று இணையத்தில் முகம் தெரியாத ஒருவரிடம் வெட்கத்தைவிட்டுக் கேட்டேன். நிரலின் முன்னுரையிலேயே எழுதியிருக்கிறதே, படிக்கவில்லையா என்று பதில் வந்தது. படித்தேன். அந்த ஞாயிறுதான் கீழ்வீட்டு அம்மாள் வந்து கதவைத் தட்டியது. அவரை வழியனுப்பிவிட்டுத் திரும்பி வந்தால், கட்டி முடித்திருந்தது. எர்ரர் இல்லை. காற்றாடி நின்றிருந்தது.

ஃப்ரேம்களை அடுக்கினேன். படம் மெல்ல வந்தது.

நகர்ந்தவர்கள் எல்லாரும் புகையாகிவிட்டார்கள். படியிறங்கிய கதாநாயகி வெறும் வெள்ளைப் புகை. கையை ஆட்டிய ஊர்ப் பெரியவர்கள், துண்டை உதறியவர்கள், திரும்பிப் பேசியவர்கள் எல்லாரும் புகை. அந்தக் குளத்தில் ஆடாமல் உட்கார்ந்தவர்கள் இரண்டே பேர். அவர்கள் மட்டும் தெளிவாக இருந்தார்கள். ஒரு பையன், வாயை இறுக்கி மூடி, கண்ணைப் பெரிதாக விழித்துக்கொண்டு. காதைப் பார்த்ததும் எனக்குத் தெரிந்துவிட்டது. அந்தக் காது எனக்கும் இருக்கிறது. பக்கத்தில் ரெட்டைச் சடை போட்ட ஒரு சின்னப் பெண். யாரோ பக்கத்து வீட்டுப் பிள்ளை என்று நினைத்துக்கொண்டேன்.

எனக்கு அழுகை வந்துவிட்டது. அனு வந்து பார்த்துவிட்டு, கொஞ்சநேரம் என் நாற்காலியின் கையில் உட்கார்ந்திருந்தாள்.

8

பையனைச் சுற்றிச் சிவப்பில் ஒரு வட்டம் போட்டு, கீழே 'எங்கள் ஹீரோ' என்று எழுதி அனுப்பினேன். அக்கா திருப்பதியில் ஒரு ஸ்டூடியோவில் பெரிதாகப் பிரிண்ட் போட்டு வந்து, வீடியோவில் என்னைக் கூப்பிட்டு, நைனாவின் கையில் கொடுத்தாள்.

அவர் படத்தை வாசல் வெளிச்சத்துக்குக் கொண்டுபோய், தலையைச் சாய்த்து, ஓரக்கண்ணுக்கு நேராகக் கொண்டுவந்தார். நீண்ட நேரம் பார்த்தார்.

"நைனா, நீதான? ஒம் மூஞ்சி தெரியுதா?" என்றாள் அக்கா.

"எம் மூஞ்சிய தெனம் கண்ணாடில பாத்துக்கினுதான கீறேன்" என்றார் அவர்.

அவருடைய விரல் என்னுடைய சிவப்பு வட்டத்துக்கு வெளியே இருந்தது. ரெட்டைச் சடையின் மேல் இருந்தது.

"இவ பேரு கனகா. எந்தங்கச்சி."

நைனாவுக்கு ஒரு தங்கை இருந்தது எனக்குத் தெரியாது. அக்காவுக்கும் தெரியாது. அம்மாவுக்குத் தெரிந்திருந்ததா என்று கேட்க இப்போது அம்மா இல்லை.

"ஒரு எடத்துல குந்தமாட்டா. ஆடினா அனுப்பிடுவான்னு நான்தான் கைய புடிச்சி அமுத்தினு இருந்தேன். அந்த வருசமே மழைக்கு ஜொரம் வந்து பூட்டா. போட்டோன்னு ஒண்ணும் கெடையாது அப்போ. வர வர எனுக்கே மூஞ்சி மறந்துபோச்சி. டிவில வரச்சொல்ல எல்லாம் எங்கயாவது தெரியறாளான்னு ஓடி ஓடிப் பாப்பேன்."

"ஏன் நைனா எங்க கிட்ட சொல்லல?" என்றேன்.

"நீங்க சிரிச்சிக்கினு இருந்தீங்க. நல்லாதான் இருந்தது. இத்த சொல்லி அத்த எதுக்குக் கெடுக்கணும்" என்றார். அப்புறம் படத்தைத் திருப்பி போனுக்கு நேராகக் காட்டி, "இந்தப் பையனுக்கு எதுக்குடா வட்டம்? இவன எடுத்துடு. இவள மட்டும் பெர்சா போட்டுக் குடு" என்றார்.

"ரொம்பப் பெரிசாக்கினா மங்கிடும் நைனா."

"எனுக்கு எப்படியும் மங்கலாத்தான் தெரியும். நீ போடு."

படத்தை வெட்டினவன் கை விளங்குமா என்று கேட்டவன் நான். அதே கையால் என் நைனாவை அவர் நடித்த ஒரே படத்திலிருந்து வெட்டினேன். முதலில் அந்தக் காதுகள் போயின. அப்புறம் விழித்த கண்கள், தோள். எவ்வளவு நெருக்கி வெட்டியும் ஒன்று மட்டும் போகவில்லை. அதை எடுத்தால் கனகாவின் பாதியும் சேர்ந்து போய்விடும்.

இப்போது அந்தப் படம் அக்கா வீட்டுக் கூடத்தில் மாட்டியிருக்கிறது. வருகிறவர்களிடம் எல்லாம் நைனா, "எந்தங்கச்சி. சினிமால ஆக்ட் பண்ணவ" என்று சொல்கிறாராம். தானும் நடித்ததைச் சொல்வதை விட்டுவிட்டார். படத்தின் இடது ஓரத்தில், அவளுடைய மணிக்கட்டை இறுக்கிப் பிடித்தபடி ஒரு கை இருக்கிறது. அது யாருடைய கை என்று இதுவரை யாரும் கேட்கவில்லை என்று அக்கா சொன்னாள்.